வங்கக் கடலைக் காத்தவர்

சேக்கிழார் அவதரித்த ஊர் குன்றத்தூர். பன்னிரண்டாம் நூற்றாண்டில் சோழ மன்னனிடம் மந்திரியாயிருந்த அப்பெரியார், தாம் வகித்த பதவியின் பெருமையைப் பாடினாரில்லை. தொண்டர்களின் சரித்திரத்தைப் பாடினார். அரசர், வேடர், வேளாளர், வணிகர், குயவர், வண்ணார் என்று வித்தியாசம் பாராமல், இன்னார் இன்ன ஊரிற் பிறந்து இன்ன தொண்டு செய்தார் என்று ஒவ்வொருவரையும் குறித்து வைத்தார். தொண்டு செய்தவரை மறவாதிருப்பதும், அவர் செய்ததை உள்ளது உள்ளபடி எழுதி வைப்பதும் ஒரு ஜனசமூகத்தின் கடமை என்று தமிழருக்குக் கற்பித்த ஊர் இது. இவ்வூரில் நின்று ஒரு கேள்வி கேட்க விரும்புகிறோம். 1971-ஆம் வருஷத்து யுத்தத்தில் வங்காள விரிகுடாவில் இந்தியக் கடற்படையை நடத்தி வெற்றி கண்ட தளபதி யார்? அவர் தமிழ் மண்ணிற் பிறந்தவர் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவர்?

ராஜேந்திர சோழன் 1025-ஆம் வருஷத்தில் கடாரத்தின் மீது கப்பற்படை செலுத்திய கதையைக் கூறாத மேடை தமிழ்நாட்டில் இல்லை. அதைக் கேட்டுக் கரகோஷம் செய்யாத கூட்டமும் இல்லை. ஆயிரம் வருஷத்துக்கு முந்திய பெருமையை நினைவில் வைத்திருப்பது நல்லதே. ஆனால் நம் காலத்தில், நம் கண்முன்னே, அதே கடலில் நடந்த காரியத்தையும் அதைச் செய்தவரையும் மறந்துவிட்டுப் பழம் பெருமையை மட்டும் பேசுவது, வீட்டிலிருக்கும் தகப்பனாருக்குச் சோறிடாமல் பாட்டனாருக்குத் திவசம் செய்வதையே ஒக்கும். வைஸ் அட்மிரல் நீலகண்ட கிருஷ்ணனின் பெயரை மறந்த குற்றம் நம் எல்லோரையும் சார்ந்தது. பத்திரிகை நடத்தும் நாமும் அக்குற்றத்திலிருந்து தப்ப முடியாது.

செம்பரம்பாக்கம் ஏரித் தண்ணீரை நம்பி வாழும் ஊராருக்குக் கடற்படையைப் பற்றிய கவலை எதற்கு என்று சிலர் கேட்கலாம். அவர்களுக்குச் சரித்திரமே பதில் சொல்லும். 1914 செப்டம்பர் 22-ஆம் தேதி இரவு ஜெர்மானியரின் எம்டன் என்ற ஒற்றைக் கப்பல் சென்னைத் துறைமுகத்துக்கு எதிரே வந்து நின்று குண்டு பொழிந்தது. எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. சுமார் அரைமணி நேரத்தில் அது வந்த காரியத்தை முடித்துக்கொண்டு சென்றுவிட்டது. பட்டணத்து ஜனங்கள் மூட்டை முடிச்சுகளுடன் உள்நாட்டை நோக்கி ஓடினார்கள். கெட்டிக்காரத்தனமான முரடனை 'எம்டன்' என்று இன்றும் நம் வீடுகளில் சொல்கிறோமே, அந்தச் சொல் நமக்கு வந்தது அந்த இரவிலேதான். 1942 ஏப்ரலில் ஜப்பானியர் கொழும்பைத் தாக்கினர். அடுத்த நாள் விசாகப்பட்டினத்தின் மீதும் குண்டு போட்டனர். மறுபடியும் சென்னை காலியாயிற்று. சர்க்கார் காரியாலயங்கள் உள்ளூர்களுக்குப் பெயர்ந்தன. இவ்விரண்டு சமயங்களிலும் நம் கரையைக் காக்கும் பொறுப்பு அந்நியர் கையில் இருந்தது. கப்பல்கள் அவர்களுடையவை; தீர்மானங்களும் அவர்களுடையவை. ஓடுவது ஒன்றே நமக்கு விடப்பட்டிருந்த வேலை. மூன்றாவது தடவையாக 1971-ல் பகைவனுடைய கப்பல் நம் கரையை நாடி வந்தபோது சென்னை ஓடவில்லை. ஏன் ஓடவில்லை என்பதை அறிய வேண்டுமானால் கிருஷ்ணனுடைய வாழ்க்கையை அறிய வேண்டும்.

கிருஷ்ணன் 1919 ஜூன் மாதத்தில் நாகர்கோவிலில் பிறந்தார். அந்நாளில் அது திருவிதாங்கூர் சமஸ்தானத்தைச் சேர்ந்தது. 1956 நவம்பர் 1-ஆம் தேதிக்குப் பின்னரே நம்மோடு இணைந்தது. முக்கடலும் கூடும் குமரி முனைக்கு அருகில் பிறந்த அவ்விளைஞர், இருபது வயது நிரம்புமுன் அப்போதைய ராயல் இந்தியக் கடற்படையில் சேர்ந்தார். அப்படையில் இந்தியர் அதிகாரியாவது அபூர்வமாயிருந்த காலம் அது. இரண்டாவது உலக யுத்தத்தில், 1941-ஆம் வருஷம் பாரசீக வளைகுடாப் பகுதியில் நடந்த நடவடிக்கையில் காட்டிய தைரியத்துக்காக 'டிஸ்டிங்விஷ்ட் சர்வீஸ் கிராஸ்' என்னும் விருது அவருக்குக் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது இருபத்திரண்டு.

இந்த இடத்தில் தேசபக்தர்களின் உள்ளத்தில் ஓர் ஆட்சேபம் எழக் கூடும். அது நியாயமான ஆட்சேபமே. அதை மறைத்துவிட்டு மேலே செல்ல நாம் விரும்பவில்லை. 1940 அக்டோபரில் வினோபா பாவே தொடங்கிய தனிநபர் சத்தியாக்கிரகத்தில், 'இந்த யுத்தம் எங்கள் யுத்தமல்ல' என்று சொல்லி ராஜாஜி உள்ளிட்ட ஆயிரக்கணக்கானோர் சிறை புகுந்தார்கள். அதே சமயத்தில் அரசரின் உடுப்பை அணிந்து, அரசரின் யுத்தத்தில் போரிட்டு, அரசரின் பதக்கத்தைப் பெற்ற ஒருவரைத் தேசிய வீரர் என்று நாம் கொண்டாடலாமா என்பதே அக்கேள்வி.

கொண்டாடலாம் என்பதே நமது அபிப்பிராயம். காரணத்தையும் சொல்கிறோம். வ. உ. சிதம்பரம் பிள்ளை ஆங்கிலேயர் ஏற்படுத்திய நீதிஸ்தலத்தில் ஆங்கிலேயர் வகுத்த சட்டத்தைக் கற்ற வக்கீல். அவரே 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனியை நிறுவி ஆங்கிலேயரின் கடல் வியாபாரத்தை எதிர்த்து நின்றார். வித்தையை யாரிடம் கற்றார் என்பதைக் கொண்டு மனிதனை அளக்கலாகாது. கற்ற வித்தையை யாருக்கு உபயோகித்தார் என்பதே அளவுகோல். கப்பலோட்டும் வித்தையும் பீரங்கி வித்தையும் சிறைச்சாலையில் கற்கத்தக்கவையல்ல. சுதந்திரம் வந்த காலையில் அவற்றைக் கற்றிருந்த இந்தியர் ஒரு சிலரேனும் இல்லாதிருந்தால், கொடி நம்முடையதாகவும் கடல் பிறருடையதாகவும் இருந்திருக்கும். உண்மையில் சிறிது காலம் அப்படித்தான் இருந்தது. 1947-ல் சுதந்திரம் வந்தும், கடற்படையின் தலைமைப் பீடத்தில் 1958 ஏப்ரல் வரையில் ஆங்கிலேயரே அமர்ந்திருந்தனர். அவ்வருஷம் ஏப்ரல் 22-ஆம் தேதிதான் ராம்தாஸ் கட்டாரி முதல் இந்தியத் தலைவராகப் பதவி ஏற்றார். அவர் பிறந்த ஊர் செங்கற்பட்டு. குன்றத்தூர் அந்நாளில் எந்த ஜில்லாவைச் சேர்ந்திருந்ததோ, அதே ஜில்லாவைச் சேர்ந்த ஊர் அது. ஏரிக்கரை ஊராருக்குக் கடலோடு சம்பந்தமில்லை என்று இனி யார் சொல்வார்?

ஆனால் கிருஷ்ணனுக்குச் சொல்லும் நியாயத்தை மற்றொரு சாராருக்கும் சொல்லியாக வேண்டும். 1946 பிப்ரவரி 18-ஆம் தேதி பம்பாயில் 'தல்வார்' என்னும் கடற்படை ஸ்தாபனத்தில் மாலுமிகள் வேலை நிறுத்தம் செய்தார்கள். கெட்ட உணவையும் நிறத்துவேஷ வசைகளையும் பொறுக்கமாட்டாமல் எழுந்த அந்தக் கிளர்ச்சி சில நாட்களில் கப்பலுக்குக் கப்பல் பரவிற்று. அவர்களும் அரசரின் உடுப்பை அணிந்தவர்களே. தலைவர்கள் சொற்கேட்டு அவர்கள் பணிந்தார்கள், வேலையை இழந்தார்கள். சுதந்திர இந்தியாவின் கடற்படையும் அவர்களைத் திரும்ப அழைத்துக்கொள்ளவில்லை. கட்டுப்பாட்டில் நின்று வித்தையைக் காத்த அதிகாரிகளுக்கும், கட்டுப்பாட்டை உடைத்து மானத்தைக் காத்த மாலுமிகளுக்கும் இத்தேசம் கடன்பட்டிருக்கிறது. முதற் சாராருக்குப் பதக்கமேனும் உண்டு. இரண்டாம் சாராருக்கு அதுவும் இல்லை.

இனிக் கிருஷ்ணனுக்கு வருவோம். 1961 டிசம்பரில் போர்த்துகேசியர் கையிலிருந்த கோவா, டையூ, டாமன் ஆகிய பிரதேசங்களை விடுவிக்கச் சர்க்கார் தீர்மானித்தபோது, டையூவுக்கு எதிரே நின்ற 'டெல்லி' என்ற யுத்தக் கப்பலின் தலைவராக அவர் இருந்தார். அக்கப்பலின் பூர்வ கதை விசித்திரமானது. 1939-ல் தென் அமெரிக்காவுக்கு அப்பால் 'கிராஃப் ஸ்பீ' என்ற ஜெர்மானியக் கப்பலை எதிர்த்துப் போரிட்ட 'அகிலிஸ்' என்ற கப்பலே, 1948-ல் இந்தியாவுக்கு வந்து 'டெல்லி' எனப் பெயர் பெற்றது. வல்லரசு ஒன்றின் யுத்தத்துக்காகச் செய்த கப்பலும், அதே வல்லரசு பயிற்றுவித்த அதிகாரியும் சேர்ந்து, நானூற்றைம்பது வருஷ அந்நிய ஆதிக்கத்தின் கடைசிச் சின்னத்தை இம்மண்ணிலிருந்து அகற்ற உதவினார்கள். மேலே கூறிய ஆட்சேபத்துக்கு இதைவிடச் சிறந்த சமாதானம் வேண்டியதில்லை.

அவருடைய வாழ்க்கையின் உச்சம் 1971. அவ்வருஷத்தில் அவர் விசாகப்பட்டினத்தைத் தலைமையிடமாகக் கொண்ட கிழக்குக் கடற்படைப் பிரிவின் தளபதி. கிழக்கு வங்காளத்தில் நடந்த கொடுமைகளால் ஒரு கோடிக்கு மேற்பட்ட அகதிகள் இந்தியாவுக்குள் வந்து குவிந்திருந்தார்கள். யுத்தம் நெருங்குவது எல்லோருக்கும் தெரிந்தது. யுத்தம் மூண்டால் கடல் வழியாகப் பகைவருக்கு உதவி வராமல் தடுப்பதும், அவ்வழியாக அவர்கள் தப்பாமல் தடுப்பதும் கிருஷ்ணனின் பொறுப்பு. அதற்கு அவர் கையிலிருந்த பெரிய ஆயுதம் 'விக்ராந்த்' என்னும் விமானந்தாங்கிக் கப்பல் ஒன்றே. அதுவோ நோயாளி. கொதிகலனில் வெடிப்புக் கண்டிருந்ததால் பூரண வேகத்தில் ஓட இயலாது. இந்த நிலையில் அதைப் போர்முனைக்கு அனுப்பலாமா என்பதே கடற்படைக்குள் பெரிய விவாதமாயிருந்தது. கடற்படைத் தலைவர் நந்தா அனுப்புவதென்று முடிவு செய்தார்.

பகைவரும் இதை அறிந்திருந்தனர். பாகிஸ்தானிடம் இருந்த நீர்மூழ்கிக் கப்பல்களில் கராச்சியிலிருந்து இலங்கையைச் சுற்றி வங்கக் கடல் வரை வந்து போரிடத்தக்கது 'காஜி' ஒன்றே. 1944-ல் அமெரிக்காவில் கடலில் இறக்கப்பட்ட பழைய கப்பல் அது. விக்ராந்தைத் தேடி அழிக்கும் உத்தரவுடன் 1971 நவம்பர் 14-ஆம் தேதி அது கராச்சியை விட்டுப் புறப்பட்டது. தொண்ணூறுக்கு மேற்பட்ட மாலுமிகள் அதில் இருந்தார்கள். ஜாபர் முகம்மது கான் அவர்களுடைய தலைவர்.

காஜி வரும் என்று கிருஷ்ணன் ஊகித்தார். ஓடமுடியாத கப்பலைக் காப்பாற்ற அவர் கையாண்ட உபாயம் பீரங்கியால் செய்ததன்று, புத்தியால் செய்தது. விக்ராந்தைச் சென்னையிலிருந்து ரகசியமாக அந்தமான் தீவுகளின் மறைவுக்கு அனுப்பிவிட்டார். பிறகு 'ராஜ்புத்' என்ற பழைய சிறு கப்பலைக் கடலுக்கு அனுப்பி, அதுவே விக்ராந்த் என்று தோன்றும்படி கம்பியில்லாத் தந்திச் செய்திகளை ஓயாமல் அனுப்பச் செய்தார். விசாகப்பட்டினத்துக் கடைத்தெருவில், பெரிய கப்பற் பட்டாளம் ஒன்று வரப்போகிறது போல, ஏராளமான இறைச்சிக்கும் காய்கறிக்கும் ஏற்பாடு செய்தார். எல்லாவற்றுக்கும் மேலாக, விக்ராந்தில் வேலை பார்க்கும் மாலுமி ஒருவன், கடும் நோயுற்ற தன் தாயாரின் நிலையை விசாரிப்பது போல ஒரு சாதாரணத் தந்தியை, பகைவர் காதில் விழும்படி, மறைவில்லாமல் அனுப்பச் செய்தார். ராணுவ ரகசியத்தைச் சந்தேகிப்பவனும் ஒரு மகன் தாய்க்கு அனுப்பும் தந்தியைச் சந்தேகிக்க மாட்டான் என்ற மனித சுபாவத்தை அவர் அறிந்திருந்தார். விக்ராந்த் அந்தமானில் ஒளிந்திருக்க, காஜி விசாகப்பட்டினத்தின் வாசலில் வந்து காத்திருந்தது.

டிசம்பர் 3-ஆம் தேதி மாலை யுத்தம் மூண்டது. அன்று நள்ளிரவையொட்டி ராஜ்புத் துறைமுகத்தைவிட்டு வெளியே வரும்போது, நீருக்கடியில் பகைவன் இருப்பதாகச் சந்தேகித்து ஆழ்நீர்க் குண்டுகளைப் போட்டது. சிறிது நேரத்தில் கரையிலிருந்தவர்களுக்கும் கேட்கும்படி பெரியதொரு வெடிச் சத்தம் உண்டாயிற்று. மறுநாள் மிதந்து வந்த பொருள்களைச் செம்படவர்கள் கண்டெடுத்தார்கள். முக்குளிப்போர் இறங்கிப் பார்த்து, சாட்சியங்கள் சேர்ந்த பிறகே, டிசம்பர் 9-ஆம் தேதி, காஜி மூழ்கிய செய்தியைக் கடற்படை வெளியிட்டது.

காஜியை மூழ்கடித்தது எது? ராஜ்புத் போட்ட குண்டுகளே என்பது நம் தரப்பு. காஜி தான் விதைத்த கண்ணிவெடியிலேயே சிக்கி வெடித்தது என்பது பாகிஸ்தான் தரப்பு. வெடி கப்பலுக்கு உள்ளேயே உண்டானது என்று கருதுவோரும் உண்டு. ஓய்வு பெற்ற நம் அதிகாரிகளிலும் சிலர் நம் தரப்பை முழுதும் ஒப்புக்கொள்ளவில்லை. அச்சம்பவத்தைப் பற்றிய கடற்படைத் தஸ்தாவேஜுகள் அழிக்கப்பட்டுவிட்டதாக 2010-ல் பத்திரிகைகளில் செய்தி வெளிவந்தது. தேசபக்தி என்பது நமக்குச் சாதகமான கட்சியைச் சாட்சியமின்றி நம்புவது என்று நினைப்பவர்கள் உண்டு. நாம் அக்கூட்டத்தைச் சேர்ந்தவர்களல்லோம். கடைசி அடி யாருடையது என்ற வழக்கு நிச்சயமாகத் தீராமலே இருக்கட்டும். அதனால் கிருஷ்ணனுடைய கீர்த்திக்கு அணுவளவும் குறைவில்லை. காஜி எங்கே வந்து நிற்க வேண்டும் என்பதை நிச்சயித்தவர் அவர்; விக்ராந்த் எங்கே இல்லை என்பதை மறைத்தவர் அவர். இவ்விரண்டையும் எவரும் மறுக்கவில்லை. தஸ்தாவேஜுகள் அழிந்தது உண்மையானால், நஷ்டம் பகைவருக்கல்ல, நமக்கே. உண்மையால் வாழக்கூடிய புகழை வதந்தியின் கையில் ஒப்படைப்பது புகழுக்குச் செய்யும் துரோகம்.

காஜியோடு மாண்ட மாலுமிகளையும் இங்கு நினைக்கிறோம். இட்ட கட்டளையை மேற்கொண்டு, கரை காணாத தூரம் தனியே வந்து, கடலுக்கடியிலேயே உயிர் நீத்தவர்கள் அவர்கள். பகைவனின் தைரியத்தை ஒப்புக்கொள்ளாதவன் தன் வெற்றியின் பெருமையையே குறைத்துக்கொள்கிறான்.

காஜியின் பயம் நீங்கியதும் விக்ராந்த் துணிந்து நடமாடிற்று. டிசம்பர் 4-ஆம் தேதி முதல் அதன் விமானங்கள் காக்ஸ் பஜார், சிட்டகாங் முதலிய துறைகளைத் தாக்கின. கடல் வழி அடைபட்டது. எல்லாக் காரியங்களும் குறைவின்றி நடந்தன என்று நாம் சொல்லவில்லை. யுத்தத்தின் கடைசி நாட்களில் காக்ஸ் பஜாரில் துருப்புகளைக் கரையிறக்க அவசரத்தில் செய்த முயற்சி, கரையின் சரிவையும் ஆழத்தையும் சரியாக அறியாததால் கோணலாயிற்று. கூர்க்கா வீரர்கள் நீரில் மூழ்கி இறந்தார்கள். வெற்றியின் ஆரவாரத்தில் அவர்களை மறப்பது தகாது. அதே நாட்களில் அமெரிக்கா தனது 'எண்டர்பிரைஸ்' என்ற பிரம்மாண்டமான அணுசக்திக் கப்பலை வங்கக் கடலை நோக்கி அனுப்பி நம்மை மிரட்டப் பார்த்தது. இருபதினாயிரம் டன்னுக்கும் குறைவான, கொதிகலன் பழுதான விக்ராந்துக்கும் அதற்கும் உள்ள தாரதம்மியத்தைச் சொல்ல வேண்டியதில்லை. ஆயினும் நம் கப்பல்கள் இடம் பெயரவில்லை, அடைப்புத் தளரவில்லை.

டிசம்பர் 16-ஆம் தேதி டாக்காவில் ஜெனரல் நியாஜி சரணாகதிப் பத்திரத்தில் கையொப்பமிட்டார். சுமார் 93,000 பேர் சிறைப்பட்டார்கள். அந்தக் காட்சியின் புகைப்படத்தைப் பார்க்காத இந்தியர் சிலரே. மேஜையருகில் நியாஜியும் ஜெனரல் அரோராவும் அமர்ந்திருக்க, பின்னால் நிற்பவர்களில் வெண்ணிற உடுப்பணிந்த கடற்படை அதிகாரி ஒருவர் தெரிகிறார். பாடப்புத்தகங்களில் எத்தனையோ தடவை அப்படத்தைக் கண்டிருக்கிறோம். அந்த வெள்ளை உடுப்புக்காரர் நாகர்கோவிலிற் பிறந்த தமிழர் என்று நம் பிள்ளைகளுக்கு யாராவது சொன்னதுண்டா?

1972-ல் சர்க்கார் அவருக்குப் பத்மபூஷண் விருதளித்தது. ஓய்வு பெற்றபின் கொச்சிக் கப்பல் கட்டும் ஸ்தாபனத்தின் தலைமைப் பொறுப்பை ஏற்றார். வங்கக் கடல் யுத்தத்தைப் பற்றி 1980-ல் ஆங்கிலத்தில் ஒரு நூல் வெளியிட்டார். 1982-ல் காலமானார். பழைய விக்ராந்த் 1997-ல் பணியிலிருந்து விலகி, பின்னர் உடைத்து விற்கப்பட்டது. ஆனால் 2022 செப்டம்பர் 2-ஆம் தேதி புதிய விக்ராந்த் ஒன்று கடற்படையில் சேர்ந்தது. முதல் விக்ராந்த் ஆங்கிலேயரிடம் வாங்கியது. இரண்டாவது இத்தேசத்திலேயே கட்டியது. அதைக் கட்டிய இடம் எது? கிருஷ்ணன் தலைமை வகித்த அதே கொச்சித் தளமேயாகும். பிறர் கப்பலில் வித்தை கற்றுத் தொடங்கிய ஒரு தலைமுறையின் காரியம், சொந்தக் கப்பலில் வந்து நிறைவேறியது.

நாம் வேண்டுவது சிலையன்று. சிலை வைத்து வருஷத்துக்கொரு மாலை போட்டு மறப்பதில் நமக்கு வேண்டிய மட்டும் பழக்கம் இருக்கிறது. வேண்டுவன இரண்டு. முதலாவது, கிருஷ்ணனின் சரிதம் பள்ளிப் பிள்ளைகள் கையில் நல்ல தமிழில் இருக்க வேண்டும். அதில் அவர் பெற்ற பதக்கங்கள் மட்டுமல்ல, அவர் காலத்தின் சங்கடங்களும் இருக்க வேண்டும்: சத்தியாக்கிரகிகள் சிறையிலிருக்க அவர் கப்பலிலிருந்ததும், 1946-ல் வேலையிழந்த மாலுமிகளின் கதையும், காக்ஸ் பஜாரில் மூழ்கியவர்களின் கதையும், காஜியைப் பற்றிய இரு தரப்பு வாதங்களும் ஒளிவு மறைவின்றி எழுதப்பட வேண்டும். இரண்டாவது, 1971-ஆம் வருஷத்து யுத்தத்தைச் சார்ந்த தஸ்தாவேஜுகளில் எஞ்சியிருப்பவை அனைத்தும் ஆராய்ச்சியாளர் பார்வைக்குத் திறக்கப்பட வேண்டும். அரை நூற்றாண்டு சென்றபின் ரகசியம் காப்பதால் லாபமடைவோர் பகைவரல்லர், அறியாமையேயாகும்.

தாம்பரத்திலும் குன்றத்தூரிலும் இப்பொழுது வளரும் பிள்ளைகளில் எவனோ ஒருவன் நாளைக்கு ஒரு கப்பலின் மேல்தட்டில் நிற்கக் கூடும். தனக்கு முன் அக்கடலில் நின்றவர் யார் என்பதை அவன் அறிந்திருக்க வேண்டும். தொண்டர் சரிதம் எழுதத் தமிழருக்கு வழி காட்டிய ஊர் இது. கிருஷ்ணனுக்கு அந்தக் கடனைச் செலுத்தும் பொறுப்பை வேறு யார் தலையிலும் சுமத்தாமல், இவ்வூர் வாலிபர்களும் ஆசிரியர்களும் முன்வந்து ஏற்பார்களாக.